கடல் கொண்ட ஆலயம்

ஊர்காவற்றுறையிலிருந்து படகேறி அனலைதீவுக்குச் செல்வோர் கடலின் இரு முகங்களையும் அறிவர். உணவளிப்பதும் அதுவே, கரையை அரிப்பதும் அதுவே. 1990ஆம் ஆண்டு போரினால் தீவக மக்கள் பெருந்தொகையாய் இடம்பெயர்ந்தபோது, தாம் செபித்த ஆலயங்களையும் விட்டுச் சென்றனர். ஆலயம் கண்ணுக்கு மறைந்தால் விசுவாசமும் மறைந்துவிடுமா? பாக்கு நீரிணைக்கு அப்பால், சோழமண்டலக் கரையிலுள்ள தரங்கம்பாடியின் வரலாறு இதற்கு விடை கூறுகின்றது.

டென்மார்க் மன்னர் நான்காம் பிரெடரிக் அனுப்பிய லுத்தரன் போதகர்களான சீகன்பால்குவும் புளூட்சோவும் 1706 ஜூலை 9ஆம் நாள் அவ்வூரில் கரையிறங்கினர். சிறுபிள்ளைகளோடு அமர்ந்து, மணலில் விரலால் எழுதிச் சீகன்பால்கு தமிழ் கற்றார். இருவரும் தங்கள் ஊதியப் பணத்தையும் இட்டு, கடலோரத்தில் ஒரு சிற்றாலயம் கட்டினர். 'எருசலேம்' என்னும் பெயரோடு 1707 ஆகஸ்ட் 14ஆம் நாள் அது அர்ச்சிக்கப்பட்டது. அங்கே தமிழிலும் போர்த்துக்கீசியத்திலும் மறையுரைகள் ஒலித்தன. எதிர்ப்போ டென்மார்க் அதிகாரிகளிடமிருந்தே எழுந்தது. சீகன்பால்கு சுமார் நான்கு மாதங்கள் சிறையிலும் இருந்தார்.

1715ஆம் ஆண்டளவில் அச்சிற்றாலயத்தைக் கடல் கொண்டது. ஆனால் அதே 1715இல் தமிழ்ப் புதிய ஏற்பாடு தரங்கம்பாடியில் அச்சேறி நிறைவுற்றது. சுவர்கள் வீழ்ந்தன, வார்த்தை நிலைத்தது. 1717இல் அடிக்கல் நாட்டப்பட்ட புதிய எருசலேம் ஆலயம் 1718 அக்டோபர் 11ஆம் நாள் அர்ச்சிக்கப்பட்டது. நான்கு மாதங்களில், தம் 36ஆம் வயதில், சீகன்பால்கு இறையடி சேர்ந்தார். அவரது உடல் அவ்வாலயத்திலேயே துயில்கின்றது. 2004ஆம் ஆண்டின் ஆழிப்பேரலை அக்கரையைத் தாக்கிய பின்பும் அவ்வாலயம் நிற்கின்றது.

கத்தோலிக்கராகிய நாம் இவ்வரலாற்றை அந்நியமாய் எண்ண வேண்டியதில்லை. சீகன்பால்கு கையாண்ட சமயச் சொற்கள் பலவும், அவருக்கு முன்னரே நம் மறைபணியாளர்கள் தமிழில் வழங்கியவை. அண்டிறிக்கு அடிகளாரின் 'தம்பிரான் வணக்கம்' 1578இலேயே கொல்லத்தில் அச்சேறியிருந்தது. ஒருவர் விதைத்த நிலத்தில் மற்றவரும் உழைத்தார். நெடுங்காலம் பிரிந்து நின்ற கத்தோலிக்கத் திருச்சபையும் லுத்தரன் உலக சம்மேளனமும், 1999 அக்டோபர் 31ஆம் நாள், அருளினால் மனிதர் இறைவனுக்கு ஏற்புடையவராவதைப் பற்றிய கூட்டறிக்கையில் ஒப்பமிட்டன.

அன்புக்குரியவர்களே, பாறைமீது வீடு கட்டியவனின் உவமையை நாம் அறிவோம். ஊரைப் பிரிந்து தொலைதேசம் சென்ற குடும்பங்கள் ஆலயத்தின் கற்களைச் சுமந்து செல்லவில்லை. ஆனால் மாலையில் விளக்கேற்றிச் செபமாலை சொல்லும் வழக்கத்தைச் சுமந்து செல்ல அவர்களால் இயன்றது. அச்செபம் இன்று நம் இல்லங்களில் ஒலிக்கின்றதா? நம் பிள்ளைகள் அதனைத் தமிழில் அறிவார்களா? இன்றிரவு குடும்பமாக முழந்தாட்படியிடுவோம். அலை தொட முடியாத ஆலயம் அங்கேதான் எழுகின்றது.