பிடிபட்ட டிராக்டரை மீட்கும் வழி

கோடையில் கண்மாய் வண்டலை அள்ளி நிலத்தில் இடுவது இராஜபாளையம், ஸ்ரீவில்லிபுத்தூர் வட்டார உழவர்களின் நெடுநாளைய வழக்கம். வண்டல் இட்ட செம்மண் நிலம் ஈரத்தை அதிக நாள் காக்கும். ஆனால் உரிய அனுமதியின்றி மண் ஏற்றி வரும் டிராக்டரும் டிரெய்லரும் கைப்பற்றப்படுவதுண்டு. வெயிலிலும் மழையிலும் நிற்கும் வண்டியின் டயர் வெடிப்புறும்; பாட்டரி செயலிழக்கும்; இரும்பில் துரு ஏறும். ஐப்பசி விதைப்புக்கு வண்டி இராது. கடன் தவணை மட்டும் தவறாது வரும். ஆகவே சட்டம் தரும் வழிகளை உழவர்கள் அறிந்திருத்தல் அவசியம்.

கைப்பற்றுதலும் அரசுடைமையும்

அதிகாரி வண்டியைக் கைப்பற்றியதாலேயே அது அரசுக்குச் சொந்தமாகிவிடாது. 1957-ஆம் ஆண்டின் சுரங்கங்கள் மற்றும் கனிமங்கள் சட்டத்தின் 21-ஆவது பிரிவின்படி, அதை அரசுடைமையாக்க நீதிமன்ற உத்தரவு வேண்டும். வழக்கு முடியும் வரை வண்டியை இடைக்காலமாகக் கேட்க உரிமையாளருக்கு வழியுண்டு.

முதலில் செய்ய வேண்டியது

கைப்பற்றியதற்கான மகஜர், முதல் தகவல் அறிக்கை ஆகியவற்றின் நகலைப் பெற வேண்டும். பதிவுச் சான்று, காப்புறுதி, கடன் பத்திரம், மண் எடுக்க அனுமதி இருப்பின் அதன் நகல் ஆகியவற்றை இணைத்து, வண்டியைக் கைப்பற்றிய அதிகாரிக்கு மனு கொடுக்க வேண்டும். மனுவை விரைவுத் தபாலில் ஒப்புகையுடன் அனுப்புதல் நலம். பின்னர் தாமதத்தை மெய்ப்பிக்க இந்த ஒப்புகையே சாட்சி.

நடுவர் மன்றத்தில் மனு

1-7-2024 முதல் நடைமுறையில் உள்ள பாரதிய நாகரிக சுரக்ஷா சன்ஹிதாவின் 497, 503-ஆவது பிரிவுகளின் கீழ் வண்டியைக் கேட்கலாம். பொருள் நீதிமன்றத்தில் ஒப்படைக்கப்பட்டிருந்தால் முன்னது பொருந்தும். போலீசார் கைப்பற்றலைத் தெரிவித்தும் பொருளை ஒப்படைக்காதிருந்தால் பின்னது. பழைய சட்டத்தில் இவை 451, 457. ஒப்படைத்த 14 நாட்களுக்குள் பொருளின் விவரப் பட்டியல் தயாரித்து, படமும் எடுத்து, அதன்பின் 30 நாட்களுக்குள் உத்தரவிட வேண்டும் என்று 497 கூறுகிறது.

1-10-2002-ல் சுந்தர்பாய் அம்பாலால் தேசாய் வழக்கில் உச்ச நீதிமன்றம், கைப்பற்றிய வண்டிகளைக் காவல் நிலையத்தில் நெடுநாள் போட்டுவைப்பதில் பயனில்லை. தக்க பிணையும் உறுதிமொழியும் பெற்று விரைந்து உத்தரவிட வேண்டும் என்று கூறியது. விடுவிக்கும்போது, விற்கக்கூடாது, உருமாற்றக்கூடாது, கேட்கும்போது கொண்டுவர வேண்டும் என நிபந்தனைகள் விதிக்கப்படும். இவற்றை மீறலாகாது.

ஆனால் மணல் திருட்டு வழக்குகளில் வண்டி எளிதில் கிடைக்கும் என எண்ணலாகாது. 2018-ல் மதுரை உயர் நீதிமன்றக் கிளை இதில் மிகக் கடுமையான நிலையை மேற்கொண்டது. எந்த நீதிமன்றத்தை நாடுவது என்பதை வழக்கறிஞரிடம் கேட்டறிக.

அதிகாரி பதிலே தராவிட்டால்

மனு கொடுத்தும் அதிகாரி எந்த முடிவும் எடுக்காவிடில், அரசியலமைப்பின் 226-ஆவது பிரிவின்படி மதுரைக் கிளையில் நீதிப்பேராணை மனு தாக்கல் செய்யலாம். பொதுவாக இதில் கிடைப்பது, மனுவை இத்தனை வாரத்துக்குள் பரிசீலித்து முடிவெடுக்கும்படி அதிகாரிக்கு இடும் உத்தரவாகும். வனத்துறை பிடித்த வண்டிகளுக்கு வனச் சட்டங்கள் பொருந்தும். அவற்றின் நடைமுறை வேறு.

செலவுக்கு வசதியில்லாதவர்கள் வட்டச் சட்டப் பணிகள் குழுவை அணுகலாம். பெண்களும், ஆதிதிராவிடர், பழங்குடியினரும் வருமான வரம்பின்றி இலவச உதவி பெறத் தகுதியுடையோர்.

வருமுன் காத்தல்

வேளாண்மைக்கு வண்டல் எடுக்க 1959-ஆம் ஆண்டு சிறுகனிம விதிகள் இடமளிக்கின்றன. 2024 முதல் தாசில்தாரிடமே அனுமதி பெறலாம். அனுமதித்த கண்மாய், அளவு, நாள் ஆகியவற்றை மீறாமல், சீட்டை ஓட்டுநரிடம் கொடுத்தனுப்புக. நீதிமன்ற அலைச்சலைத் தவிர்க்க இதுவே சிறந்த வழி.