உங்களுக்குத் தெரியுமா? – நவோமி ஷெமெர்

◆ தமிழ் பைபிளின் பழைய ஏற்பாட்டில் 'கின்னரேத் கடல்' என்று வருவதும் கலிலேயாக் கடலும் ஒரே ஏரிதான். அதன் கரையிலுள்ள கின்னரேத் கூட்டுப்பண்ணையில் 1930 ஜூலை 13 அன்று பிறந்தவர், இஸ்ரேலின் புகழ்பெற்ற எபிரேயப் பாடலாசிரியர் நவோமி ஷெமெர். பாட்டு எழுதுவார், மெட்டும் அவரே போடுவார்.

◆ அந்தப் பண்ணையின் ஐம்பதாம் ஆண்டு விழாவுக்காக 1963-ல் அவர் எழுதியது 'யூகலிப்டஸ் தோப்பு'. ஊர் விழாவுக்கு எழுதிய பாட்டை நாடே பாடத் தொடங்கியது.

◆ அவரை உலகறியச் செய்த பாட்டு 'பொன்னான எருசலேம்'. எருசலேம் மேயர் டெடி கொல்லெக் கேட்டுக்கொண்டதால் எழுதியது. தலைப்பு யூத சமய நூலான தல்மூத்தின் கதையிலிருந்து வந்தது. யூத அறிஞர் ரபி அகிவாவும் மனைவி ராகேலும் வறுமையில் வைக்கோல்மேல் படுத்துறங்கிய காலம். அவள் கூந்தலில் ஒட்டிய வைக்கோலை எடுத்துவிட்டபடி, "வசதி இருந்தால் உனக்குப் பொன்னான எருசலேம் சூட்டுவேன்" என்கிறார் அகிவா. அந்த நகரின் வடிவில் செய்த பொன் தலையணி அது. ஊர்ப்பெருமை பேசும் பாட்டின் தலைப்புக்குள் ஓர் ஏழைக் கணவனின் ஆசை ஒளிந்திருக்கிறது!

◆ 1967 மே 15 அன்று பாட்டு விழாவில் அதை மேடையேற்றியவர் ஷூலி நாதன். அதுவரை யாருக்கும் தெரியாத இளம்பெண். "இவர்தான் பாட வேண்டும்" என்று பிடிவாதமாக நின்றவர் ஷெமெர். மூன்றே வாரத்தில் ஆறு நாள் போர் மூண்டது. எருசலேமின் பழைய நகரைப் பிடித்த இஸ்ரேலிய வீரர்கள் யூதர்களின் புனிதத் தலமான மேற்குச் சுவரருகே இதைப் பாட, ஷெமெர் புதிதாக ஒரு சரணம் சேர்த்தார். இதையே தேசிய கீதமாக்கலாம் என்று நாடாளுமன்றத்தில் யோசனைகூட வந்தது.

◆ எல்லோரும் கைதட்டவில்லை. பழைய நகரின் சந்தை ஆளின்றிக் கிடப்பதாகப் பாட்டு சொல்கிறதே, அங்கே அரபு மக்கள் வாழ்ந்துகொண்டுதானே இருந்தார்கள் என்று கேட்டார் எழுத்தாளர் அமோஸ் ஓஸ். ஷெமெர் அதை ஏற்கவில்லை. யூதர் இல்லாத எருசலேம் தனக்கு வெறுமைதான் என்றார். பாட்டின் அழகில் மயங்கிய பிறகும் ஓஸின் கேள்வி நியாயமானது என்றே எனக்குப் படுகிறது.

◆ 'பொன்னான எருசலேம்' மெட்டு பாஸ்க் மொழித் தாலாட்டு ஒன்றைத் தழுவியது என்ற பேச்சு நெடுநாள் இருந்தது. ஷெமெர் மறுத்தே வந்தார். இறப்பதற்குச் சற்று முன், இசையமைப்பாளர் நண்பர் கில் அல்தேமாவுக்கு எழுதிய கடிதத்தில் உண்மையை ஒப்புக்கொண்டார். தன்னை அறியாமலே நேர்ந்ததாம். அந்தக் குற்ற உணர்வே நோயாக வந்ததோ என்றும் அதில் வருந்தியிருந்தார். 2005-ல் கடிதம் வெளியானது. அந்தத் தாலாட்டைப் பாடிப் பரப்பிய பாக்கோ இபான்யெஸ் கோபப்படவில்லை; ஷெமெர் இவ்வளவு வேதனைப்பட்டிருக்க வேண்டாமே என்றுதான் வருந்தினார்.

◆ பீட்டில்ஸின் 'லெட் இட் பீ' பாட்டுக்கு எபிரேய வரிகள் எழுதத் தொடங்கியிருந்தார் ஷெமெர். 1973 போர்முனையிலிருந்து திரும்பிய கணவர், "இந்தப் பாட்டை வெளிநாட்டு மெட்டில் வீணாக்க விடமாட்டேன்" என்றார். மெட்டு மாறியது. 'லூ யெஹி' என்ற புதுப் பாட்டு பிறந்தது.

◆ 1995-ல் இஸ்ரேல் பிரதமர் ராபின் சுட்டுக்கொல்லப்பட்டபோது, அமெரிக்கக் கவி வால்ட் விட்மன் லிங்கனுக்காக எழுதிய இரங்கற்பாவை எபிரேயத்தில் பெயர்த்து இசையமைத்தார்.

◆ 1983-ல் இஸ்ரேல் பரிசு பெற்றார்.

◆ 2004 ஜூன் 26 அன்று மறைந்தார். தன் அடக்கத்தில் இரங்கல் உரை வேண்டாம், பாட்டுப் பாடினால் போதும் என்று சொல்லிவைத்திருந்தார். உறங்குவது பிறந்த மண்ணில், ஏரியைப் பார்த்த கின்னரேத் கல்லறைத் தோட்டத்தில். 1931-ல் காசநோயால் மறைந்த கவிஞர் ராகேலும் அங்கேதான் இருக்கிறார். அவருடைய 'கின்னரேத்' கவிதைக்கு மெட்டமைத்தவரும் ஷெமெரே. ராகேலின் கல்லறையருகே ஒரு பெட்டியில் அவருடைய கவிதை நூலை வைத்திருக்கிறார்கள். வருகிறவர்கள் எடுத்து, அங்கேயே உட்கார்ந்து படித்துவிட்டுத் திரும்ப வைத்துவிட்டுப் போகிறார்கள்.