கரை கண்ணுக்குத் தெரிந்தும் 1,021 பேர் பலி: 'ஜெனரல் ஸ்லோகம்' கப்பலில் நடந்தது என்ன?

கப்பல் விபத்துன்னு சொன்னாலே நம்ம எல்லாருக்கும் டைட்டானிக் தான் ஞாபகம் வரும். ஆனால் டைட்டானிக் மூழ்குவதற்கு 8 ஆண்டுகளுக்கு முன்பே, நியூயார்க் நகரத்துக்குள், கரையில் நிற்பவர்கள் பார்த்துக்கொண்டிருக்கும்போதே ஒரு உல்லாசக் கப்பல் எரிந்து 1,021 பேர் இறந்துபோனார்கள். இறந்தவர்களில் பெரும்பாலானோர் பெண்களும் குழந்தைகளும்.

2001 செப்டம்பர் 11 தாக்குதல் வரைக்கும், ஒரே நாளில் நியூயார்க் நகரம் சந்தித்த மிகப்பெரிய உயிரிழப்பு இதுதான். நடுக்கடல் இல்லை, புயல் இல்லை, பனிப்பாறையும் இல்லை. அப்புறம் எப்படி இத்தனை பேர் இறந்தார்கள்? விரிவாகப் பார்க்கலாம்.

யார் இந்தப் பயணிகள்?

1904-ல் மன்ஹாட்டனின் கீழ்ப்பகுதியில் 'லிட்டில் ஜெர்மனி' என்று ஒரு பகுதி இருந்தது. ஜெர்மனியில் இருந்து குடியேறிய குடும்பங்கள் நெருக்கமாக வாழ்ந்த இடம். அங்கிருந்த புனித மாற்கு லூத்தரன் தேவாலயம், ஞாயிறு பள்ளி முடிவதைக் கொண்டாட ஆண்டுதோறும் பிக்னிக் போவது வழக்கம். அந்த ஆண்டு 17-வது முறை. இதற்காக 350 டாலர் வாடகைக்கு எடுத்த கப்பல்தான் 'ஜெனரல் ஸ்லோகம்'.

1904 ஜூன் 15, புதன்கிழமை. வேலை நாள் என்பதால் அப்பாக்கள் பலரும் வேலைக்குப் போய்விட்டார்கள். அம்மாக்களும், குழந்தைகளும், பாட்டிகளும் சாப்பாட்டுக் கூடைகளோடு கிளம்பினார்கள். 1,300 பேருக்கும் மேல் இருந்த அந்தக் கப்பல், பேண்டு வாத்திய இசையோடு காலை 9.30 மணிக்குப் பிறகு ஈஸ்ட் ரிவரில் வடக்கு நோக்கிப் புறப்பட்டது. போகவேண்டிய இடம் லாங் ஐலேண்ட்.

தீ எப்படிப் பிடித்தது?

ஸ்லோகம் 1891-ல் புரூக்ளினில் கட்டப்பட்ட மூன்று அடுக்கு மரக்கப்பல். இரண்டு பக்கமும் பெரிய துடுப்புச் சக்கரங்கள் சுழல, நீராவியில் ஓடும். முன்பகுதியில், கீழே விளக்குகளை வைக்கும் அறை ஒன்று இருந்தது. வைக்கோல், எண்ணெய் ஊறிய துணிகள், விளக்கெண்ணெய் எல்லாம் அங்கேதான் கிடந்தன. தீ அங்கேதான் தொடங்கியது. தீக்குச்சியா, சிகரெட்டா என்பது கடைசி வரை உறுதியாகவில்லை.

காலை 10 மணிவாக்கில் ஒரு சிறுவன் புகையைப் பார்த்து எச்சரித்தான். சின்னப் பையன் விளையாடுகிறான் என்று நினைத்து யாரும் அதைக் கண்டுகொள்ளவில்லை. கேப்டன் வில்லியம் வான் ஷெய்க்குக்கு விஷயம் போய்ச் சேர்ந்தபோது, தீ பல நிமிடங்களாக எரிந்துகொண்டிருந்தது.

ஒவ்வொன்றாகக் கைவிட்ட பாதுகாப்பு

இங்கேதான் கவனிக்க வேண்டிய விஷயம் இருக்கிறது. பாதுகாப்புக்குத் தேவையான எல்லாமே அந்தக் கப்பலில் 'இருந்தது'. ஆனால் எதுவுமே வேலை செய்யவில்லை.

தீயணைக்கும் ஹோஸ் பைப்: ஊழியர்கள் குழாயைத் திறந்தார்கள். மலிவான துணியில் செய்த, உளுத்துப்போன ஹோஸ், தண்ணீர் வேகம் தாங்காமல் வெடித்துக் கிழிந்தது.

உயிர்காப்புப் படகுகள்: கம்பியால் இறுக்கிக் கட்டி, அதன் மேலேயே பெயின்ட் அடித்து வைத்திருந்தார்கள். அவசரத்துக்கு அவிழ்க்கவே முடியவில்லை.

லைஃப் ஜாக்கெட்: இதுதான் மிகக் கொடுமை. தக்கையை உள்ளே வைத்துத் தைத்த இந்த ஜாக்கெட்டுகள் கப்பல் கட்டிய காலத்தில் வாங்கியவை, 13 வருடப் பழசு. வெயிலிலும் மழையிலும் கிடந்து உள்ளே இருந்த தக்கை தூளாகிப் போயிருந்தது. கையில் எடுத்ததுமே பல ஜாக்கெட்டுகள் கிழிந்து கொட்டின. தூளான தக்கை மிதக்காது. தண்ணீரை உறிஞ்சிக் கனமாகிவிடும். குழந்தைக்கு ஜாக்கெட் மாட்டித் தண்ணீரில் இறக்கிவிட்ட தாய்மார்கள், அது மிதக்காமல் மூழ்குவதைப் பார்த்தார்கள்.

ஊழியர்கள்: அவர்களுக்குத் தீயணைப்புப் பயிற்சியே கொடுக்கப்படவில்லை. எங்கே என்ன செய்யணும் என்று தெரியாமல் பலரும் தங்கள் உயிரைக் காப்பாற்றிக்கொள்ளப் பார்த்தார்கள்.

இதெல்லாம் போக, அந்தக் காலத்தில் பெரும்பாலான பெண்களுக்கு நீச்சல் தெரியாது. உடுத்தியிருந்ததோ நீளமான, கனத்த ஆடைகள். தண்ணீரில் நனைந்ததும் அந்தத் துணியே ஆளைக் கீழே இழுத்தது.

கேப்டன் ஏன் உடனே கரைக்குப் போகவில்லை?

இன்று வரை விவாதிக்கப்படும் கேள்வி இது. பக்கத்திலேயே கரை இருந்தது. ஆனால் கரையோரம் மரக்கிடங்குகளும் எண்ணெய்த் தொட்டிகளும் இருந்ததால், எரியும் கப்பலைக் கொண்டுபோனால் அங்கும் தீ பரவும் என்று பயந்ததாகக் கேப்டன் பிறகு சொன்னார். அதனால் முழு வேகத்தில் வடக்கே உள்ள நார்த் பிரதர் தீவை நோக்கிக் கப்பலைச் செலுத்தினார்.

விளைவு? எதிர்க்காற்றில் வேகமாகப் போகப் போக, முன்பக்கம் இருந்த தீ பின்பக்கம் நின்ற மக்கள் மீது பாய்ந்தது. பாரம் தாங்காமல் தளங்கள் சரிந்தன. ஒரு வழியாகக் கப்பல் தீவோரம் தரைதட்டியபோதும், பின்பகுதி ஆழமான தண்ணீரில்தான் இருந்தது.

அந்தத் தீவில் தொற்றுநோய் மருத்துவமனை ஒன்று இயங்கி வந்தது. அங்கிருந்த நர்ஸ்களும் ஊழியர்களும், நோயாளிகளும் கூட ஓடிவந்து தண்ணீரில் இறங்கி மக்களைக் கரைசேர்த்தார்கள். பக்கத்தில் போன சிறு படகுகளும் தீயைப் பொருட்படுத்தாமல் நெருங்கி வந்தன. உயிர் பிழைத்த பலரும் இவர்களால் பிழைத்தவர்கள்தான். தேவாலயத்தின் போதகரும் பிழைத்தார். ஆனால் அவருடைய மனைவியும் மகளும் திரும்பி வரவில்லை.

சோதனை செய்யவே இல்லையா?

செய்தார்கள். அதுதான் வேதனை. விபத்துக்குச் சுமார் ஒரு மாதம் முன்புதான் அரசு ஆய்வாளர் ஒருவர் கப்பலைப் பார்வையிட்டு, எல்லாம் நல்ல நிலையில் இருப்பதாகச் சான்று கொடுத்திருந்தார். காகிதத்தில் ஸ்லோகம் பாதுகாப்பான கப்பல்!

இன்னொரு அதிர்ச்சியும் அதே ஆண்டு வெளியே வந்தது. ஒரு லைஃப் ஜாக்கெட்டில் குறைந்தது 6 பவுண்டு தக்கை இருக்க வேண்டும் என்பது விதி. புதிய ஜாக்கெட்டுகள் தைக்க வந்த தக்கைக் கட்டைகளுக்குள், எடையைக் கூட்டிக் காட்ட இரும்புத் துண்டுகளைச் செருகியிருந்தது கண்டுபிடிக்கப்பட்டது. மிதக்க வைக்க வேண்டிய பொருளுக்குள் இரும்பு!

யாருக்குத் தண்டனை கிடைத்தது?

அதிபர் தியோடர் ரூஸ்வெல்ட் விசாரணைக் குழு அமைத்தார். கப்பல் நிறுவனம், ஆய்வுத்துறை, கேப்டன் என மூன்று தரப்பின் குறைகளும் வெளியே வந்தன. ஆனால் நீதிமன்றத்தில் நடந்தது வேறு.

ஆய்வாளர் மீதான வழக்கு மூன்று முறை விசாரிக்கப்பட்டும் ஜூரிகளால் ஒரு முடிவுக்கு வர முடியவில்லை. கப்பல் நிறுவனம் சிறிய அபராதத்தோடு தப்பித்தது. சிறைக்குப் போனது கேப்டன் ஒருவர் மட்டுமே. தீயணைப்புப் பயிற்சி நடத்தாதது, கருவிகளைப் பராமரிக்காதது ஆகியவற்றுக்காக 1906-ல் அவருக்கு 10 ஆண்டு தண்டனை. சுமார் மூன்றரை ஆண்டுகளில் பரோலில் வெளியே வந்தார். பிறகு அதிபர் டாஃப்ட் அவருக்கு மன்னிப்பு அளித்தார். அந்தத் தீயில் அவருக்கும் ஒரு கண்ணில் பார்வை போயிருந்தது.

கேப்டன் தவறு செய்தார் என்பதில் சந்தேகமில்லை. ஆனால் பழைய ஹோஸை மாற்றப் பணம் செலவழிக்க வேண்டியவர் யார்? கையெழுத்துப் போடும் முன் ஜாக்கெட்டைத் தொட்டுப் பார்க்க வேண்டியவர் யார்? இந்தக் கேள்விகளுக்கு நீதிமன்றத்தில் பதில் கிடைக்கவே இல்லை.

ஒரு ஊரே காலியானது

லிட்டில் ஜெர்மனியில் யாரையும் இழக்காத தெருவைத் தேட வேண்டியிருந்தது. மாலை வேலை முடிந்து வீடு திரும்பிய சில ஆண்களுக்கு மனைவி, பிள்ளைகள் என மொத்தக் குடும்பமும் இல்லை. அந்த நினைவுகளோடு அங்கே வாழ முடியாமல் பலர் நகரத்தின் வேறு பகுதிகளுக்குக் குடிபெயர்ந்தார்கள். ஏற்கெனவே சுருங்கத் தொடங்கியிருந்த அந்தக் குடியிருப்பு, மெல்ல மெல்ல இல்லாமலே போனது.

அடையாளம் தெரியாத 61 பேர் குவீன்ஸ் பகுதி கல்லறைத் தோட்டத்தில் புதைக்கப்பட்டார்கள். அங்கே 1905-ல் நினைவுச்சின்னத்தைத் திறந்துவைத்தது, விபத்தில் பிழைத்த ஒன்றரை வயதுக் குழந்தை. விபத்தின்போது 6 மாதக் கைக்குழந்தையாக இருந்த அவர்தான் கடைசியாக உயிரோடு இருந்தவர். 2004-ல், 100 வயதில் காலமானார்.

இன்று நமக்கு என்ன?

ஸ்லோகத்தில் சட்டம் இருந்தது, கருவி இருந்தது, சான்றிதழ் இருந்தது. அவற்றை நிஜமாகவே இழுத்து, திறந்து, மிதக்கவிட்டுப் பார்த்த ஆள்தான் இல்லை.

அடுத்த முறை குடும்பத்தோடு படகு சவாரி போனால், கொடுக்கிற லைஃப் ஜாக்கெட்டைச் சும்மா தோளில் போட்டுக்கொள்ளாமல் ஒரு நிமிடம் பாருங்கள். தையல் பிரிந்திருக்கிறதா, பெல்ட் மாட்டுகிறதா, குழந்தைக்குச் சரியான அளவா? சரியில்லை என்றால் வேறு கேளுங்கள். கொடுக்கவில்லை என்றால் படகில் ஏறாதீர்கள். அன்று 1,300 பேருக்கு அப்படிக் கேட்கும் வாய்ப்பு கூடக் கிடைக்கவில்லை.