மாட்டினால் போதுமா?

பழைய காருக்கு வீல் மாற்றும் முன் பார்க்கவேண்டிய கணக்குகள்

1998-ல் இருங்காட்டுக்கோட்டையிலிருந்து ஹூண்டாய் சான்ட்ரோ வந்தது. மறு வருடமே மறைமலை நகரிலிருந்து ஃபோர்டு ஐகான் வந்தது. இரண்டு தொழிற்சாலையும் சென்னைக்குப் பக்கம்தான். இரண்டு காரின் வீலிலும் நான்கு ஓட்டைதான். கடையில் அடுத்தடுத்துச் சாய்த்து வைத்திருந்தால், இதை அதற்கும் அதை இதற்கும் போடலாம் என்றே தோன்றும். ஆனால் சான்ட்ரோவின் நான்கு ஓட்டைகளும் 100 மில்லிமீட்டர் விட்டமுள்ள வட்டத்தில் இருக்கின்றன. ஐகானில் அது 108.

இந்த எட்டு மில்லிமீட்டர் வித்தியாசத்தால் யாருக்கும் ஆபத்து இல்லை. வீல் ஏறவே ஏறாது, திருப்பிக் கொடுத்துவிட்டு வரலாம். ஆபத்தெல்லாம் ஏறிவிடுகிற வீலில்தான் இருக்கிறது. நான்கு நட்டும் இறுகிவிடும், வண்டியும் கடையை விட்டு ஜோராகக் கிளம்பிவிடும். கோளாறு என்னவென்று தெரியவருவது சில நூறு கிலோமீட்டர் கழித்து, நெடுஞ்சாலையில்.

பதினைந்து, இருபது வயதான கார்கள் நம் ஊரில் இன்னும் நிறைய ஓடுகின்றன. துருப்பிடித்தோ, பள்ளத்தில் விழுந்து வளைந்தோ அவற்றின் பழைய இரும்பு ரிம் ஒருநாள் கைவிடும். அதே ரிம் ஷோரூமில் கிடைக்காது. சென்னையில் புதுப்பேட்டை, கோவையில் உக்கடம் என்று பழைய சாமான் கடைகளுக்குப் போகிறோம். இல்லாவிட்டால் ‘போடுறதுதான் போடுறோம், அலாயாவே போட்டுடலாம்’ என்று புது வீல் கடைக்கு. எங்கே போனாலும் கண்ணை நம்பாமல் அளவை நம்பவேண்டும்.

முதல் அளவு: பி.சி.டி.

நட் ஓட்டைகளின் மையங்கள் வழியாக ஒரு வட்டம் வரைந்தால் அதன் விட்டம்தான் பி.சி.டி. நான்கு ஓட்டை வீலில் இதை அளக்க ஒரு சுலபமான வழி உண்டு. ஓர் ஓட்டையின் உள்விளிம்பிலிருந்து நேர் எதிர் ஓட்டையின் வெளிவிளிம்பு வரை அளந்தால் போதும். ஐந்து ஓட்டை வீலில் நேர் எதிரே ஓட்டை இருக்காது. அங்கே அடுத்தடுத்த இரண்டு ஓட்டைகளின் மைய இடைவெளியை 1.701-ஆல் பெருக்கவேண்டும். அந்த இடைவெளி 67.2 மி.மீ. என்றால் பி.சி.டி. 114.3.

114.3, 108 என்றெல்லாம் வினோதமான எண்கள் வருவதற்குக் காரணம் அங்குலம். நாலரை அங்குலம்தான் 114.3 மி.மீ.; நாலேகால் அங்குலம் கிட்டத்தட்ட 108. ஒரே கம்பெனி கார் என்பதாலும் நம்பிவிட முடியாது. மாருதியின் பழைய ஜென்னில் 114.3, 2005-ல் வந்த ஸ்விஃப்ட்டில் 100.

இதில் ஏமாற்றும் ஜோடி ஒன்று உண்டு: 98-ம் 100-ம். ஃபியட் ஊனோ, பாலியோ கார்களில் பி.சி.டி. 98. சந்தையில் குவிந்து கிடப்பவை 100 அளவு அலாய்கள். ஒவ்வொரு ஓட்டைக்கும் ஒரு மில்லிமீட்டர்தான் வித்தியாசம் என்பதால் கொஞ்சம் அழுத்தினால் நான்கு போல்ட்டும் உள்ளே போய்விடும். ஆனால் ஒன்றுகூட தன் குழியில் நேராக உட்காராது. ஒரு பக்கமாகச் சாய்ந்து இறுகிய போல்ட் ஓட ஓடத் தளரும். தளராவிட்டால் கழுத்தில் முறியும்.

நடு ஓட்டை

வண்டியின் ஹப் நடுவில் வட்டமாக ஒரு மேடு துருத்திக்கொண்டிருக்கும். கம்பெனி வீலின் நடு ஓட்டை அதன்மேல் சிக்கென்று உட்காரும்படி கடையப்பட்டிருக்கும். சான்ட்ரோவில் இது 54.1 மி.மீ., ஐகானில் 63.4, ஹோண்டாவின் சிறிய கார்களில் 56.1. நடு ஓட்டை ஹப்பைவிடச் சிறிதாக இருந்தால் வீல் ஏறாது. அங்கேயே விஷயம் முடிந்தது. பெரிதாக இருந்தால் ஏறும், ஆனால் மையம் தப்பும்.

பல கார்களுக்கும் பொருந்தவேண்டும் என்பதற்காக அலாய் தயாரிப்பவர்கள் நடு ஓட்டையை 73.1 போலப் பெரிதாகவே விட்டுவிடுவார்கள். மிச்சமுள்ள இடைவெளியை அடைக்க ஹப் ரிங் என்றொரு வளையம் இருக்கிறது. விலை சொற்பம். ஆனாலும் பாதிக் கடைகளில் கேட்டால்தான் எடுத்துத் தருவார்கள். அது இல்லாமல் மாட்டினால் நட்டுகளை இறுக்கிய வரிசையைப் பொறுத்து வீல் ஒரு மயிரிழை இந்தப் பக்கமோ அந்தப் பக்கமோ ஒதுங்கி நிற்கும். எண்பதைத் தாண்டும்போது ஸ்டீயரிங் உதறும். பேலன்சிங் மெஷினில் வீல் சரியாகவே சுற்றும், ஏனென்றால் மெஷின் தன் கூம்பை வைத்து வீலை நடுவில் பிடித்துக்கொள்கிறது. மூன்று முறை பேலன்சிங் பார்த்தும் உதறல் போகவில்லை என்று புலம்புகிறவர்கள் இந்த வளையத்தைத்தான் முதலில் தேடவேண்டும்.

யாரும் கேட்காத எண்

கடைக்காரர் சொல்லாததும் வாங்குகிறவர் கேட்காததும் ஆஃப்செட். ரிம்மின் உள்பக்கத்தில் ‘ET 45’, ‘ET 35’ என்று பொறித்திருக்கும். வீலின் அகலத்தில் சரிபாதியில் ஒரு கோடு போட்டால், அந்தக் கோட்டிலிருந்து ஹப்பில் படியும் முகம் எத்தனை மில்லிமீட்டர் வெளிப்பக்கம் தள்ளி இருக்கிறது என்பதைத்தான் அந்த எண் சொல்கிறது. எண் குறையக் குறைய வீல் காரை விட்டு வெளியே வரும். கூடக்கூட உள்ளே போகும்.

5 அங்குல அகலம், ET 45 உள்ள வீலைக் கழற்றிவிட்டு 6 அங்குலம், ET 35 உள்ள வீலைப் போடுகிறீர்கள் என்று வைத்துக்கொள்வோம். ஓர் அங்குலம் கூடியதால் இரண்டு பக்கமும் 12.7 மி.மீ. அகலும். ஆஃப்செட் பத்து குறைந்ததால் முழு வீலும் 10 மி.மீ. வெளியே நகரும். ஆக, வெளிவிளிம்பு 22.7 மி.மீ. வெளியே போகிறது, உள்விளிம்பு 2.7 மி.மீ. சஸ்பென்ஷன் பக்கம் நெருங்குகிறது. நிறுத்தி வைத்துப் பார்த்தால் கார் மிடுக்காகத்தான் தெரியும். பின்சீட்டில் மூன்று பேரும் டிக்கியில் அரிசி மூட்டையும் ஏறி, ஒரு வேகத்தடையில் இறங்கும்போதுதான் டயர் மட்கார்டு விளிம்பை ‘கர்ர்’ என்று சீவும்.

உரசலாவது காதில் கேட்கும். வீல் பேரிங்குக்கு நேர்வது கேட்காது. காரின் எடை பேரிங்கில் எந்த இடத்தில் இறங்கவேண்டும் என்று பார்த்துத்தான் வீலின் நிலையை வடிவமைத்திருக்கிறார்கள். வீல் வெளியே நகர்ந்தால் அதே எடை தூரத்திலிருந்து நெம்பும். பேரிங் சீக்கிரம் முனகத் தொடங்கும். ஸ்டீயரிங் திரும்பும் அச்சுக்கும் டயர் தரையில் பதியும் நடுப்புள்ளிக்கும் உள்ள உறவும் கெடும். ஒரு பக்க வீல் பள்ளத்தில் இறங்கினாலோ, ஒரு பக்கம் மணலில் இருக்க பிரேக் அடித்தாலோ ஸ்டீயரிங் கையிலிருந்து பிடுங்கிக்கொண்டு போகப் பார்க்கும். புது காரே இதைத் தாங்காது. புஷ்ஷும் பால் ஜாயிண்டும் தேய்ந்துபோன பழைய காருக்குக் கேட்கவேண்டுமா?

ஆகவே கம்பெனி வீலின் உள்பக்கத்தைத் துடைத்துப் பார்த்து அகலத்தையும் ஆஃப்செட்டையும் குறித்துக்கொண்டுதான் கடைக்குப் போகவேண்டும். புது வீல் ஒவ்வாத ஆஃப்செட்டில் இருந்தால், ‘ஒரு ஸ்பேசர் வெச்சுக்கலாம் சார்’ என்பார்கள். சாதாரண ஸ்பேசர் எவ்வளவு கனமோ அவ்வளவு மரையை நட் இழக்கிறது. அந்த யோசனை வேண்டாம்.

டயர் கணக்கு

சான்ட்ரோவின் டயர் 155/70 R13. அகலம் 155 மி.மீ.; பக்கச் சுவரின் உயரம் அதில் 70 சதவீதம், அதாவது 108.5 மி.மீ.; ரிம் 13 அங்குலம். மொத்த விட்டம் ஏறக்குறைய 547 மி.மீ. ரிம்மை 14 ஆக்கி, சந்தையில் சாதாரணமாகக் கிடைக்கும் 165/65 R14 போட்டால் விட்டம் 570. நான்கு சதவீதம் கூடிவிட்டது. இன்னும் பெரிதாக 175/65 R14 போட்டால் 583. ஆறரை சதவீதத்துக்கும் மேல். ஸ்பீடோமீட்டர் 80 காட்டும்போது முன்பைவிட ஐந்து கிலோமீட்டர் கூடுதல் வேகத்தில் போய்க்கொண்டிருப்பீர்கள். மூன்று சதவீதத்துக்குள் நிற்பது நல்லது என்பது டயர் தொழிலில் இருப்பவர்களின் பொதுவான கணக்கு.

விட்டம் கூடினால் கியர் கணக்கும் மாறுகிறது. ஒரு லிட்டர் எஞ்சின், நான்கு பேர், கொல்லிமலையின் 70 கொண்டை ஊசி வளைவுகள் என்று வைத்துப் பாருங்கள். இரண்டாவது கியரில் ஏறிய இடத்துக்கு முதல் கியர் தேடவேண்டி வரும்.

ரிம் அகலத்துக்கும் வரம்பு உண்டு. 155/70 R13 டயருக்கு 4 முதல் ஐந்தரை அங்குல ரிம்தான் சரி. அதை ஆறரை அங்குல அலாயில் இழுத்து மாட்டினால் பக்கச் சுவர் விறைத்து, ரிம்மின் விளிம்பு பள்ளத்தில் நேராக அடிவாங்கும். டியூப் டயர் காலத்து ரிம்களில் இன்னொன்றும் பார்க்கவேண்டும். டியூப்லெஸ் டயரின் விளிம்பு நழுவாமல் பிடிக்க ரிம்மின் உள்ளே ஒரு மேடு சுற்றி ஓடும். பொறிப்பில் ‘H2’ போன்ற எழுத்து அதைத்தான் குறிக்கிறது. அந்த மேடு இல்லாத ரிம்மில் டியூப் இல்லாமல் ஓட்டக் கூடாது.

நட்டிலா சிக்கல்?

நட்டில்தான். வீலில் படியும் முகம் சில நட்டுகளில் 60 டிகிரி கூம்பாக இருக்கும். சிலவற்றில் உருண்டையாக, சிலவற்றில் வாஷரோடு தட்டையாக. ஹோண்டா கம்பெனி வீல்களுக்கு உருண்டை முகம். வெளியில் விற்கும் அலாய்களில் பெரும்பாலும் கூம்பு. கூம்புக் குழியில் உருண்டை நட்டை இறுக்கினால் மெல்லிய ஒரு வளையம் மட்டுமே தொட்டுக்கொண்டிருக்கும். கை உணர்வில் இறுகிவிட்ட மாதிரிதான் இருக்கும்.

மரையும் ஒன்றல்ல. சான்ட்ரோவுக்கு நட் ஏறும் ஸ்டட் 12 மி.மீ.; பிட்ச், அதாவது ஒரு மரைக்கும் அடுத்த மரைக்கும் உள்ள இடைவெளி, 1.5 மி.மீ. மாருதிக்கு அதே 12 மி.மீ., ஆனால் 1.25 பிட்ச். மாற்றிப் போட்ட நட் ஓரிரு சுற்றிலேயே முரண்டு பிடிக்கும். அதற்குமேல் ஏர் கன்னைக் காட்டினால் ஸ்டட்டின் மரை போய்விடும். முதல் சில சுற்றுகளைக் கையால்தான் போடவேண்டும். 1.5 பிட்ச் நட் எட்டுச் சுற்றாவது, 1.25 பிட்ச் பத்துச் சுற்றாவது உள்ளே போகவேண்டும். அலாயின் தடிமன் இரும்பைவிட அதிகம் என்பதால் பழைய நட்டுக்கு இந்தச் சுற்று கிடைக்காமல் போகலாம்.

அலாய்க்கென்று தனி நட் வாங்கினால் பழைய நட்டுகளில் நான்கை டிக்கியில் போட்டு வையுங்கள். ஸ்டெப்னி இரும்பு ரிம்மாகவே இருக்கும். இரவு பத்து மணிக்குப் பஞ்சரானால் அலாய் நட் அதைப் பிடிக்காமல் போகக்கூடும்.

பழையது வாங்கினால்

பழைய ரிம்மைப் பேலன்சிங் மெஷினில் சுற்றவிட்டுப் பார்க்காமல் பணம் கொடுக்காதீர்கள். வெளிப்பக்கம் பளபளக்கும், நெளிவும் விரிசலும் உள்பக்க விளிம்பில்தான் ஒளிந்திருக்கும். ஓட்டைகள் நீள்வட்டமாகத் தேய்ந்திருந்தால் அந்த வீல் தளர்ந்த நட்டோடு ஓடியிருக்கிறது. வெல்டிங் வைத்த அலாய் எவ்வளவு மலிவாகக் கிடைத்தாலும் தொடவேண்டாம். புதிதாகப் பெயிண்ட் அடித்திருந்தால் நட் குழியிலும் ஹப் முகத்திலும் இருப்பதைச் சுரண்டிவிடுங்கள். நடுவில் சிக்கிய பெயிண்ட் நசுங்க நசுங்க நட் தளரும்.

புது அலாயில் ஜே.டபிள்யூ.எல். என்ற ஜப்பானியத் தர முத்திரையும், தாங்கக்கூடிய எடையும் பொறித்திருக்கிறதா என்று பாருங்கள். முன், பின் அச்சுகளில் முழுச் சுமையோடு எது அதிக எடை தாங்குகிறதோ, அதில் பாதியையாவது ஒரு வீல் தாங்கவேண்டும். டயருக்கும் இதே கணக்குதான். 75 என்ற சுமைக் குறியீடு 387 கிலோவைக் குறிக்கிறது. கம்பெனி கொடுத்த குறியீட்டுக்குக் கீழே போகக் கூடாது.

சட்டத்தையும் மறந்துவிடக் கூடாது. தயாரிப்பாளர் குறித்த விவரங்களுக்கு முரணாக வண்டியை மாற்றக் கூடாது என்கிறது 1988-ஆம் ஆண்டு மோட்டார் வாகனச் சட்டத்தின் 52-ஆவது பிரிவு. 2019 ஜனவரியில் உச்ச நீதிமன்றமும் அதை உறுதிசெய்தது. மட்கார்டுக்கு வெளியே டயர் நீட்டிக்கொண்டிருக்கும் கார் சோதனையில் முதலில் கண்ணில் படும். அலாய் போட்டால் இன்ஷூரன்ஸ் கம்பெனிக்கும் எழுதிக் கொடுத்துவிடுங்கள்.

மாட்டிய பிறகு

கடையிலேயே ஸ்டீயரிங்கை இரண்டு பக்கமும் கடைசிவரை திருப்பிப் பாருங்கள். பிரேக் காலிப்பருக்கும் வீலின் உள்பக்கத்துக்கும் இடைவெளி இருக்கிறதா என்று கையால் சுற்றிப் பாருங்கள். பின்சீட்டில் ஆட்களை ஏற்றி ஒரு வேகத்தடை மேல் விட்டுப் பாருங்கள். நட்டுகளை ஏர் கன்னோடு விட்டுவிடாமல், கையேட்டில் உள்ள டார்க் அளவுக்கு ரெஞ்சால் எதிரெதிராக இறுக்கச் சொல்லுங்கள். நூறு கிலோமீட்டருக்குள் மறுபடியும் ஒருமுறை சரிபார்க்கவேண்டும்.

இத்தனை கணக்கும் தலைசுற்ற வைக்கிறது என்றால் ஒரு குறுக்குவழி இருக்கிறது. அதே மாடலின் உயர்ந்த வேரியன்ட்டில் கம்பெனியே என்ன வீல் கொடுத்தது என்று தேடுங்கள். பி.சி.டி., நடு ஓட்டை, ஆஃப்செட், டயர் விட்டம் எல்லாவற்றையும் அவர்களே பார்த்துவைத்திருப்பார்கள். அந்த நட்டையும் சேர்த்து வாங்கிவிட்டால் நீங்கள் பார்க்கவேண்டியது நெளிவும் விரிசலும் மட்டும்தான். அலாய்க்காக எடுத்துவைத்த பணத்தில் மிச்சமாவதை நல்ல டயருக்குப் போடுங்கள். பழைய காரின் பிரேக் நன்றாகப் பிடிப்பதற்கு அந்தச் செலவுதான் உதவும்.