பேப்பரைக் காட்டி மிரட்டினால் என்ன செய்வது?



மெக்சிகோ, குவாத்தமாலா, எல் சால்வடார் போன்ற நாடுகளிலிருந்து அமெரிக்காவுக்குப் பிழைக்கப் போன குடும்பங்களின் பெண்களை 'லத்தீனா' என்கிறார்கள். பலர் வீட்டில் பேசுவது ஸ்பானிஷ். இவர்களில் அடி உதை படுகிறவர்கள் ஏன் வெளியே சொல்லப் பயப்படுகிறார்கள்?

"போலீசுக்குப் போனா உன்னைத்தான் நாட்டை விட்டு அனுப்புவாங்க. பிள்ளைங்களைப் பார்க்கவே முடியாது." விசா இல்லாத பெண்ணிடம் புருஷன் சொல்லும் மிரட்டல் இது. பாஸ்போர்ட்டையும் ஒளித்து வைத்துவிடுவான். அவளுக்கு இங்கிலீஷ் வராது. போலீஸ் வந்தாலும் புருஷனோ பிள்ளையோதான் பேச வேண்டியிருக்கும். அப்புறம் உண்மை எப்படி வெளியே வரும்?

இதற்குச் சட்டத்தில் வழி இருக்கிறது. 1994-ல் வந்த பெண்கள் மீதான வன்முறைத் தடுப்புச் சட்டப்படி, அடிக்கிற புருஷன் அந்நாட்டுக் குடிமகனாகவோ கிரீன் கார்டு உள்ளவனாகவோ இருந்தால், மனைவி தானே மனு போடலாம். அவன் கையெழுத்து வேண்டாம், அவனுக்குத் தெரியவும் வேண்டாம். காதலனிடம் அடிபட்ட, கல்யாணம் ஆகாத பெண்ணுக்கு இது பொருந்தாது. அவளைப் போன்றவர்களுக்காக 2000-ல் 'யு விசா' வந்தது. குற்றத்தை விசாரிக்கிறவர்களுக்கு அவள் உதவ வேண்டும். ஆனால் வருஷத்துக்கு 10,000 பேருக்குத்தான் கிடைக்கும். அதனால் பல வருஷம் காத்திருக்க வேண்டியிருக்கிறது.

சட்டம் இருந்தால் போதுமா? அதைச் சொந்த பாஷையில் சொல்ல ஆள் வேண்டாமா? மினசோட்டா மாநிலத்தில் 1982-ல் லத்தீனா பெண்களே ஒரு தங்கும் இல்லம் தொடங்கினார்கள். கலிபோர்னியாவில் 1992-ல் தோட்டக்கூலிப் பெண்கள் 'லீடரஸ் காம்பெசினாஸ்' என்ற அமைப்பாகச் சேர்ந்தார்கள். நம்ம குழுக் கூட்டம் மாதிரி வீடுகளில் கூடிப் பேசுகிறார்கள்.

துணை நிற்கிறவர்கள் கவனிக்க வேண்டியவை:

* அவள் சொல்வதை முதலில் நம்ப வேண்டும். "ஏன் இன்னும் அவனோட இருக்கே?" என்று கேட்கக் கூடாது.
* வீட்டு ஆளை மொழிபெயர்க்க விடக் கூடாது.
* "உடனே கிளம்பு" என்று அவசரப்படுத்தக் கூடாது. விட்டுப் போகிற நேரம்தான் ஆபத்து அதிகம். பிள்ளைகளின் பிறப்புச் சான்றிதழ், கொஞ்சம் பணம், போகிற இடம் எல்லாம் முன்னாடியே தயார் செய்ய வேண்டும்.
* முடிவை அவளே எடுக்க வேண்டும்.

நாடு வேறு, பாஷை வேறு. பயம் ஒண்ணுதான். அடுத்த கூட்டத்தில் ஒரு சகோதரி பேசாமல் ஓரமாக உட்கார்ந்திருந்தால், நாம் போய் அவள் பக்கத்தில் உட்காருவோம்.