மூன்றேகாலில் முட்கள் சேருமா?

மணி மூன்றேகால் ஆகும்பொழுது கடிகாரத்தின் இரு முட்களும் ஒன்றன்மேல் ஒன்றாய்ப் பொருந்தி நிற்கும் என்று நம்மில் அநேகர் யோசியாமல் சொல்லிவிடுவோமாயினும், பெரிய முள் நிமிஷத்திற்கு 6 பாகை வீதம் ஓடுகையில் சின்ன முள்ளும் சும்மா இராமல் அரைப் பாகை வீதம் நகர்ந்துகொண்டே இருப்பதால், அந்தப் பதினைந்து நிமிஷத்திற்குள் அது மூன்றைக் கடந்து ஏழரைப் பாகை முன்னே போய்விடுகிறது. ஏழரை என்றதும் சனியை நினைத்து அஞ்ச வேண்டாம். இது கேவலம் கணிதந்தான்! நிமிஷந்தோறும் இடைவெளி ஐந்தரைப் பாகை குறைகிறது என்னும் சூக்ஷ்மத்தை அறிந்துகொண்டால், 3 மணிக்கு 90 பாகை பின்தங்கியிருந்த பெரிய முள், 16 நிமிஷமும் சுமார் 22 விநாடியும் கழிந்த பின்னரே சின்னதைப் பிடிக்கும் என்பது விளங்கும். இத்தகைய சந்திப்பு ஒரு நாளில் 24 தடவையன்று, 22 தடவையே.