இன்னும் ஒரு தரவு

விளைவு உறுதியாகத் தெரியாத முடிவொன்றை எடுக்க நேரும்போது மனம் மேலும் மேலும் விவரங்களைத் தேடி அலைவது, பல சமயங்களில், அறியும் ஆவலால் அன்று. நடப்பது தன் பிடிக்குள் இருக்கிறது என்ற உணர்வுக்காகவே. உளவியலாளர் எல்லன் லாங்கர் 1975இல் வெளியிட்ட ஆய்வில், ஒரு டாலர் விலையுள்ள குலுக்கல் சீட்டைத் தாமே தேர்ந்தெடுத்தவர்கள் அதைத் திருப்பி விற்கச் சராசரியாக 8 டாலருக்கு மேல் கேட்டனர். பிறர் எடுத்துக் கொடுத்த சீட்டை வைத்திருந்தவர்களோ 2 டாலருக்கும் குறைவாகவே கேட்டனர். வெல்லும் வாய்ப்பு இரு சாராருக்கும் ஒன்றாக இருந்தும் தோன்றிய இந்த வேறுபாட்டை அவர் 'கட்டுப்பாட்டு மாயை' என்றார்.

இதைவிடக் கூர்மையானது பால் சுலோவிக் 1973இல் அறிவித்த சோதனை. குதிரைப் பந்தயக் கணிப்பில் தேர்ந்த 8 பேருக்கு, அவர்களே முக்கியமெனக் கருதிய விவரங்களில் முதலில் 5, பிறகு 10, 20, 40 என்று கூட்டிக் கொடுத்தபோது, கணிப்பின் துல்லியம் ஏறவில்லை. தன்னம்பிக்கை மட்டும் ஏறிக்கொண்டே போயிற்று.

முன்பெல்லாம் கூடுதலாக ஒரு கேள்வியைத் தரவிடம் கேட்பதற்கு நேரமும் பணமும் செலவாயின. அச்செலவே ஒரு தடையாகவும் இருந்தது. செயற்கை நுண்ணறிவு அத்தடையை ஏறக்குறைய நீக்கிவிட்டது. தற்செயலாகத் தோன்றும் வாய்ப்பு 5 விழுக்காட்டுக்கும் குறைவான தொடர்பையே பொருட்படுத்துவது புள்ளியியல் வழக்கம். ஆனால் உண்மையில் எத்தொடர்பும் இல்லாதவற்றை அந்த அளவுகோலால் தனித்தனியே 20 முறை சோதித்தால், ஒன்றாவது போலியாகத் தேறுவதற்கான வாய்ப்பு சுமார் 64 விழுக்காடு. கவலையுற்ற ஒருவர் ஓர் இரவுக்குள் இருபது கேள்விகளை எளிதில் தாண்டிவிடுவார்.

தற்செயலைத் தொடர்பென்று நம்பும் இந்நோய் கணினி மாதிரிகளுக்கும் உண்டு. பயிற்சித் தரவின் தற்செயலான நெளிவுசுளிவுகளையும் விதியாகக் கற்றுக்கொண்டு புதிய தரவில் தடுமாறும் அந்நிலைக்கு 'மிகைப்பொருத்தம்' என்று பெயர். ஒரு பகுதித் தரவை மாதிரிக்குக் காட்டாமல் ஒதுக்கி வைத்து, அதில் பிழை கூடத் தொடங்கியதும் பயிற்சியை நிறுத்திவிடுவது அதற்கான வழிகளுள் ஒன்று. மனத்துக்கு அப்படியோர் ஒதுக்கீடு இயல்பாக அமைவதில்லை.

பிடி தன்னிடம் இருக்க வேண்டும் என்ற அதே உணர்வு, கணிப்புகளை ஏற்பதிலும் வெளிப்படுகிறது. மாணவர்களின் தேர்வு மதிப்பெண்ணைக் கணிக்கும் சூத்திரமொன்றைக் கொண்டு டீட்வோர்ஸ்ட், சிம்மன்ஸ், மாஸி ஆகியோர் நடத்திய ஆய்வில், அதன் விடையைச் சற்றே திருத்த இடமளித்ததும் அதை ஏற்றவர்கள் பெருகினர். அனுமதித்த திருத்தம் 10 புள்ளியா 2 புள்ளியா என்பது பெரிய வேறுபாட்டை உண்டாக்கவில்லை. இன்றைய பகுப்பாய்வுத் திரைகளில் உள்ள பொத்தான்களுள் எத்தனை முடிவைத் திருத்துகின்றன, எத்தனை பயனரை ஆற்றுப்படுத்த மட்டுமே இருக்கின்றன என்பது தனியே ஆராயத்தக்கது.